ஐயா வாங்கி வந்த சரவிளக்கு அசல்தானா? காரைக்குடியிலிருந்து வாசகர்களுக்குப் பதில்கள்

செட்டிநாட்டு வீடுகளில் தொங்கும் கண்ணாடிச் சரவிளக்குகளை இறக்கி, கழுவி, உடைந்ததைச் சேர்த்து, மறுபடி கோத்து மாட்டிக் கொடுப்பது என் தொழில். அப்பாவுக்குப் பிறகு நான் பார்க்கிறேன். பழைய விளக்கு அசலா போலியா என்று கேட்டு வந்த கடிதங்களை இந்த இதழுக்கு எடுத்துக்கொண்டேன்.

"எங்கள் பெரிய வீட்டுப் பட்டாலைக் கூடத்தில் பன்னிரண்டு கை வைத்த சரவிளக்கு ஒன்று இருக்கிறது. என் மாமனாரின் ஐயா ரங்கூனில் கடை வைத்திருந்தபோது வரவழைத்தது, பெல்ஜியம் சரக்கு என்று சொல்லக் கேட்டிருக்கிறோம். சமீபத்தில் ஒரு பழம்பொருள் வியாபாரி வந்தார். அதில் தொங்கும் கண்ணாடிக் கல் ஒன்றை நகத்தால் சுண்டிப் பார்த்துவிட்டு, 'இதில் ஈயமே இல்லை ஆச்சி, வெறும் கண்ணாடி' என்று சொல்லி அடிமாட்டு விலைக்குக் கேட்கிறார். அவர் சொல்வது உண்மையா?"
– பள்ளத்தூர் வாசகி

ஆச்சி, விளக்கை இப்போதைக்கு யாருக்கும் கொடுக்காதீர்கள். அவர் சொன்னதில் பாதி உண்மையாக இருக்கலாம். அந்தப் பாதியை வைத்துத்தான் உங்களை ஏமாற்றப் பார்க்கிறார்.

ஈயம் கலந்தால்தான் அசல் கிரிஸ்டல் என்பது இங்கிலாந்து வழிக் கணக்கு. லண்டனில் ஜார்ஜ் ரேவன்ஸ்கிராஃப்ட் 1674-ல் உரிமம் வாங்கி நடத்திய பட்டறையில் தொடங்கிய வழி அது. ஈயம் சேர்ந்தால் கண்ணாடி கனக்கும், சாணை பிடிக்க இளகிக் கொடுக்கும், வெளிச்சத்தை அதிகமாக வளைத்து வண்ணமாகப் பிரிக்கும். பொகிமியாவில், அதாவது இன்றைய செக் நாட்டின் மேற்குப் பகுதியில், வேறு வழி இருந்தது. காட்டு மரத்தை எரித்த சாம்பலிலிருந்து பொட்டாஷ் எடுத்து, சுண்ணாம்பும் வெண்மணலும் சேர்த்து உருக்கினார்கள். ஈயம் இல்லை. ஆனாலும் தெளிவான, கடினமான, சாணைக்குத் தாங்கும் கண்ணாடி. கமெனிட்ஸ்கி ஷெனோவ் வட்டாரத்தில் யோசெஃப் பால்மே என்பவர் 1724-லேயே சரவிளக்கு வியாபாரத்துக்கு உரிமம் பெற்றிருக்கிறார். உலகம் முழுக்க அரண்மனைகளுக்குப் போன விளக்குகளில் பல அந்த வட்டாரத்துச் சரக்கு. அதில் ஈயம் இல்லை என்று யாரும் தள்ளிவைத்ததில்லை.

நம் பக்கத்தில் எந்தக் கண்ணாடியைக் காட்டினாலும் "பெல்ஜியம்" என்று சொல்லும் பழக்கம் இருக்கிறது. முகம் பார்க்கும் பெரிய கண்ணாடிகள் அங்கிருந்து நிறைய வந்ததால் அந்தப் பெயர் எல்லாவற்றுக்கும் ஒட்டிக்கொண்டது. பெல்ஜியத்திலும் வால் செயின்ட் லம்பேர் போன்ற நல்ல பட்டறை 1826-லிருந்து இருக்கிறது. ஆனால் நான் இறக்கிப் பார்த்த செட்டிநாட்டு விளக்குகளில் பொகிமிய வேலைதான் அதிகம். உங்கள் விளக்கு அப்படி இருந்தால் அது குறையல்ல.

இனி, எப்படிப் பார்ப்பது. எல்லோரும் முதலில் கல்லைப் பார்ப்பார்கள். கல்லை எப்போது வேண்டுமானாலும் மாற்றிவிடலாம் ஆச்சி. விளக்கின் வயதும் ஊரும் அதன் உலோகச் சட்டத்தில் இருக்கிறது, கை பொருந்தும் இடத்தில் இருக்கிறது, கோத்த கம்பியில் இருக்கிறது. பகல் வெளிச்சத்தில், உறுதியான ஏணி போட்டு, ஒருவர் பிடித்துக்கொள்ள, ஒரு டார்ச்சும் நகைக்கடை லென்ஸும் எடுத்துக்கொண்டு பேரனை ஏறச் சொல்லுங்கள்.

கைகளைப் பார்க்கட்டும். தட்டையான உலோகப் பட்டையை வளைத்து, அதன் மேல் கண்ணாடிப் பட்டைகளை வைத்து, நடுநடுவே கண்ணாடிப் பூக்களால் முடுக்கியிருந்தால் அது மரியா தெரேசா பாணி. 1743-ல் பிராகில் பொகிமியாவின் அரசியாக முடிசூடியவர் பெயரில் வழங்கும் பாணி, பொகிமியாவின் அடையாளம். கை முழுக்கக் கண்ணாடியாலேயே ஆகி, அடியில் பித்தளைக் குப்பியில் செருகியிருந்தால் இங்கிலாந்து வேலையாகவும் இருக்கலாம், பொகிமிய வேலையாகவும் இருக்கலாம். அப்படியானால் கையைக் குப்பியோடு சேர்த்திருக்கும் பூச்சைப் பாருங்கள். பழசில் மஞ்சளேறிய பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் இருக்கும், ஓரத்தில் பொடிந்திருக்கும். வெள்ளை வெளேரென்ற சிலிக்கான் பசை தெரிந்தால், அந்தக் கை சமீபத்தில் கழன்று ஒட்டப்பட்டது அல்லது புதுசு.

அடுத்து, மின்சாரக் கம்பி எப்படிப் போகிறது? கண்ணாடிக் கை உள்ளே கெட்டியாக இருந்து, கம்பி வெளியே கையை ஒட்டிச் சுற்றிப் போனால், விளக்கு மெழுகுவர்த்திக்காகவோ எண்ணெய்க்காகவோ செய்யப்பட்டு, பிறகு மின்சாரத்துக்கு மாறியது. கை குழாயாக இருந்து கம்பி உள்ளே ஓடினால், அது கேஸ் விளக்காகவோ மின்விளக்காகவோ பிறந்தது. இரண்டாவது ரகம் என்பதால் போலி என்று நினைக்க வேண்டாம், வயதுதான் கொஞ்சம் குறையும்.

இப்போது கல்லுக்கு வரலாம். ஒரு பாதாம் வடிவக் கல்லை எடுத்து லென்ஸில் அதன் விளிம்பைப் பாருங்கள். சாணை பிடித்த கல்லில் இரண்டு பட்டைகள் சந்திக்கும் கோடு கூர்மையாக இருக்கும், விரல் நுனியில் தெரியும். மூன்று நான்கு பட்டைகள் சேரும் இடம் சரியாக ஒரு புள்ளியில் முடிய முயன்று சில கற்களில் இம்மி தப்பியிருக்கும். கையால் சாணை பிடித்ததற்கு அந்த இம்மிதான் சாட்சி. அச்சில் வார்த்த கல்லில் விளிம்பு, வாயில் போட்டு எடுத்த கற்கண்டு மாதிரி மழுங்கியிருக்கும். பக்கவாட்டில் அச்சு சேர்ந்த கோடு மெல்லிய வரப்பாக ஓடும். பட்டையின் பரப்பில் டார்ச் வெளிச்சத்தைச் சாய்த்துப் பிடித்தால் அலை அலையாகத் தெரியும்.

துளையையும் விடாதீர்கள். பழைய கல்லில் துளை துரப்பணம் போட்டது, உள்சுவர் வெளுத்துச் சொரசொரப்பாக இருக்கும். இரண்டு பக்கத்திலிருந்தும் துளைத்து நடுவில் சந்தித்த இடத்தில் சின்ன இடறல் இருக்கும். அச்சுக் கல்லில் துளை வழுவழுவென்று இருக்கும். பிறகு கோத்த கொக்கி: பழசில் பித்தளைக் கம்பியைக் கையால் வளைத்த கொக்கிகள், ஒன்றுபோல் ஒன்று இருக்காது, மேல்முலாம் தேய்ந்து மஞ்சள் எட்டிப்பார்க்கும். பளபளவென்று ஒரே அளவில் குரோம் கொக்கி இருந்தால் கோப்பு புதுசு. கல் பழசாக இருந்து கோப்பு மட்டும் புதுசாக இருக்கவும் வாய்ப்புண்டு. எங்களைப் போன்றவர்கள் மாற்றியிருப்போம். அதனால் ஒரே அடையாளத்தை வைத்து முடிவு கட்டாதீர்கள். சட்டம், கை, கல், கொக்கி நான்கும் ஒரே காலத்தைச் சொல்கிறதா என்று பாருங்கள்.

இன்னொன்று. பெட்டகச் சாலையிலோ மேல்மாடி அறையிலோ பழைய தகர டப்பாவில் உபரிக் கற்கள் இருக்கிறதா என்று தேடுங்கள். விளக்கோடு கூடுதல் கல் வரவழைத்து வைப்பது அந்தக் காலத்து வழக்கம். டப்பாக் கல்லும் தொங்கும் கல்லும் ஒன்றானால் விளக்கு கலைபடாமல் இருக்கிறது என்று அர்த்தம். விளக்கு வந்த மரப்பெட்டியை உடைத்து அலமாரிப் பலகை ஆக்கியிருப்பார்கள், அதில் முத்திரை இருக்கலாம். "செக்கோஸ்லோவாக்கியா" என்று இருந்தால் 1918-க்கு முந்தைய சரக்காக இருக்க முடியாது, அதுவரை அந்த நாடே இல்லை. ஐயாவின் ரங்கூன் கடைப் பேரேடு, கப்பல் ரசீது ஏதாவது இருந்தால் அதை விளக்கோடு சேர்த்து வையுங்கள். காகிதத்துக்கும் விலை உண்டு.

இவ்வளவும் பார்த்த பிறகு அந்த வியாபாரி வந்தால், நகத்தால் சுண்டுவதை விட்டுவிட்டு ஏணியில் ஏறிப் பார்க்கச் சொல்லுங்கள்.

"ஈயம் இருக்கிறதா என்று வீட்டிலேயே கண்டுபிடிக்க வழி உண்டா? தட்டினால் மணி போல ஒலிக்கும் என்கிறார்களே?"
– தேவகோட்டை வாசகர்

ஒலி, கிண்ணத்துக்கும் மெழுகு வடியும் தட்டுக்கும் சரி. சின்னக் கல்லைத் தட்டி ஒன்றும் கேட்காது. அதை நம்பி யாரும் விலை பேசக்கூடாது.

தங்கத்தை நீரில் எடைபோட்டுப் பார்ப்பது நம் ஊர்க்காரர்களுக்குத் தெரிந்ததுதான். கண்ணாடிக்கும் அதையே செய்யலாம். கிராம் காட்டும் டிஜிட்டல் தராசு போதும். 50 கிராமுக்குக் குறையாத ஒரு பெரிய கல்லை எடுத்து, உலோகக் கொக்கியைக் கழற்றிவிட்டு எடை போடுங்கள். 62 கிராம் என்று வைத்துக்கொள்வோம். அப்புறம் ஒரு டம்ளரில், கல் முங்கும்போது வழியாத அளவுக்குத் தண்ணீர் எடுத்துத் தராசில் வைத்துப் பூஜ்யம் ஆக்குங்கள். கல்லை மெல்லிய நூலில் கட்டி, தண்ணீரில் முழுக்க முங்கும்படி, அடியிலும் பக்கத்திலும் தொடாமல் பிடியுங்கள். தராசு 20 கிராம் காட்டினால், 62-ஐ 20-ஆல் வகுங்கள்: 3.1. அது ஈயக் கிரிஸ்டல். 25 காட்டினால் சுமார் 2.5. அது ஈயமில்லாத கண்ணாடி: பொகிமியப் பொட்டாஷ் கண்ணாடியாகவும் இருக்கலாம், நேற்று வார்த்த சாதாரணக் கண்ணாடியாகவும் இருக்கலாம். 1.2-க்குப் பக்கத்தில் வந்தால் அக்ரிலிக், பிளாஸ்டிக்.

ஐரோப்பாவில் 1969-ல் போட்ட விதிப்படி ஈய ஆக்சைடு 24 சதவீதம் இருந்தால்தான் ஈயக் கிரிஸ்டல் என்று போடலாம், 30 இருந்தால் முழு ஈயக் கிரிஸ்டல். அந்த 24-க்கு அடர்த்தி, அதாவது மேலே வகுத்து வந்த எண், 2.9-ஐத் தொடும். கல்லில் காற்றுக்குமிழி ஒட்டியிருந்தால் கணக்குத் தப்பும், ஒரு துளி சோப்புநீரில் அலசிவிட்டு முக்குங்கள்.

இந்தச் சோதனை கல்லைப் பற்றி மட்டும் சொல்லும். மேலே பள்ளத்தூர் ஆச்சிக்கு எழுதியதைச் சேர்த்துப் படியுங்கள்.

"காரைக்குடி முனீஸ்வரன் கோயில் தெருவில் ஒரு விளக்கு பார்த்தேன். 1910-ல் ஒரு செட்டிநாட்டு வீட்டுக்கு வந்த சுவரோவ்ஸ்கி விளக்கு என்றார்கள். கல்லில் அந்தக் கம்பெனியின் முத்திரையும் இருக்கிறது. நம்பி வாங்கலாமா?"
– மதுரை வாசகர்

முத்திரை உண்மையாக இருக்கலாம், 1910 என்பதுதான் பொருந்தவில்லை. டேனியல் சுவரோவ்ஸ்கி பொகிமியாக்காரர். கல்லுக்குப் பட்டை தீட்டும் இயந்திரத்துக்கு 1892-ல் காப்புரிமை பெற்று, 1895-ல் ஆஸ்திரியாவின் வாட்டென்ஸ் ஊரில் ஆலை வைத்தார். ஆரம்பத்தில் அது நகைக்கல் தொழில். சரவிளக்குக் கற்களைத் தனிச் சரக்காக விற்கத் தொடங்கியது 1965-ல். கல்லில் மிகச் சிறிதாக லேசரால் பொறிக்கும் முத்திரை அதற்கும் பிற்பாடு. ஆகவே 1910 விளக்கில் அந்த முத்திரைக் கல் தொங்கினால் பின்னால் யாரோ மாற்றிக் கோத்திருக்கிறார்கள். சட்டம் பழசாக இருக்கலாம். சட்டத்துக்கு ஒரு விலை, புதுக் கல்லுக்கு ஒரு விலை என்று பிரித்துப் பேசுங்கள்.

பக்காரா என்று சொல்லியும் விற்பார்கள். 1764-ல் தொடங்கிய பிரெஞ்சுப் பட்டறை அது. தன் சரவிளக்கில் ஒரே ஒரு சிவப்பு எண்பட்டைக் கல்லைக் கோப்பது அதன் வழக்கம். சந்தையில் ஒரு சிவப்புக் கல் வாங்கி எந்த விளக்கிலும் மாட்டிவிடலாம் என்பதையும் மறக்க வேண்டாம்.

முனீஸ்வரன் கோயில் தெருக் கடைகளில் நல்ல சரக்கும் இருக்கிறது, விவரம் தெரிந்த நேர்மையான ஆட்களும் இருக்கிறார்கள். எந்த வீட்டிலிருந்து வந்தது, எந்தெந்தப் பகுதி மாற்றியது என்று கேளுங்கள். பதிலைப் பில்லில் எழுதித் தரச் சொல்லுங்கள். எழுதித் தரத் தயங்கினால் ஒரு டீ குடித்துவிட்டு அடுத்த கடைக்குப் போங்கள்.

"புது வீட்டுக்கு ஆன்லைனில் 'கே9 கிரிஸ்டல்' விளக்கு வாங்கலாமா?"
– திருச்சி வாசகி

வாங்கலாம், கண்ணுக்கு அழகாகவே இருக்கும். கே9 என்பது சீனாவில் லென்ஸ் போன்றவற்றுக்குச் செய்யும் ஒருவகைக் கண்ணாடியின் பெயர். ஈயம் கிடையாது. அந்தப் பெயரைப் போட்டுச் சாதாரணக் கண்ணாடியும் வருகிறது. கண்ணாடி விலைக்குக் கிடைத்தால் வாங்குங்கள், கிரிஸ்டல் விலை கொடுக்க வேண்டாம். உத்தரப் பிரதேசத்து பிரோசாபாத்தில் வளையலோடு சரவிளக்கும் செய்கிறார்கள், அதையும் ஒரு முறை பாருங்கள்.

"எங்கள் விளக்கின் கண்ணாடிக் கைகளில், பித்தளைக்குப் பக்கத்தில், ஊசியால் கீறியது போல 1, 2, 3 என்று எண்கள் இருக்கின்றன. உடைந்ததை ஒட்டிய அடையாளமா?"
– கோனாபட்டு வாசகர்

இல்லை, அது நல்ல அடையாளம். ஒவ்வொரு கையும் தனக்கென்று தேய்த்துப் பொருத்திய குழியில்தான் சரியாக உட்காரும். பெட்டியில் பிரித்து அனுப்பியதைக் கடல் கடந்து இன்னொரு ஊரில் கோக்கிறவனுக்காகப் பட்டறையில் எண் போட்டார்கள். நடுத்தண்டைச் சுற்றிக் கைகளைத் தாங்கும் உலோகத் தட்டைத் துடைத்துப் பாருங்கள், ஒவ்வொரு குழியின் ஓரத்திலும் அதே எண் இருக்கும். இரண்டும் பொருந்தினால் அந்தக் கைகள் முதலிலிருந்தே அந்த விளக்கோடு இருப்பவை.

உலோகப் பகுதிகளில் ஆஸ்லர் என்ற பெயர் இருக்கிறதா என்றும் தேடுங்கள். பர்மிங்காமில் 1807-ல் தொடங்கிய எஃப் அண்ட் சி ஆஸ்லர், இந்தியாவுக்கென்றே விளக்கு செய்தவர்கள். 1840-களிலேயே கல்கத்தாவில் கடை போட்டுவிட்டார்கள். 1851-ல் லண்டன் பெரும் கண்காட்சியில் 27 அடி உயரக் கண்ணாடி நீரூற்றை நிறுத்தியவர்களும் அவர்கள்தான். இந்தியாவுக்கு வந்த விளக்குகளில் சுடர் மேல் கவிழ்க்கும் கண்ணாடிக் கூண்டு இருக்கும், பங்கா என்ற கூரை விசிறியைக் கையால் இழுக்கிற காற்றில் அணையாமல் இருக்க.

பித்தளையில் சாய்சதுர வடிவில் சின்ன முத்திரை தெரிந்தால் லென்ஸில் பாருங்கள். 1842 முதல் 1883 வரை இங்கிலாந்தில் வடிவமைப்பைப் பதிவு செய்தவர்கள் போட்டது. உச்சியில் சின்ன வட்டத்தில் ரோமன் எழுத்தில் ஒன்று இருந்தால் உலோகப் பொருள், மூன்று இருந்தால் கண்ணாடி. 1884-லிருந்து அதற்குப் பதிலாக வெறும் பதிவு எண். இந்த முத்திரை கிடைத்தால் அதை நன்றாகப் படமெடுத்து வையுங்கள். பிராசோ பாலிஷ் போட்டுத் தேய்த்துவிடாதீர்கள், நான்கு தடவை தேய்த்தால் எழுத்து போய்விடும்.

"முகப்பில் சிவப்பு, பச்சைக் குளோப்கள் தொங்குகின்றன. நிறம் அசலா, பெயின்ட்டா?"
– ஆத்தங்குடி வாசகி

குளோபின் வாய் விளிம்பைப் பக்கவாட்டில் பாருங்கள். நிறக் கண்ணாடி ஒரு அடுக்கு, வெள்ளைக் கண்ணாடி ஒரு அடுக்கு என்று இரண்டு தெரிந்தால், நிறக் கண்ணாடியை மேலே போர்த்தி, அதைச் சாணையால் அறுத்துப் பூ எடுத்த நல்ல வேலை. விளிம்பு முழுக்க ஒரே நிறமானால் உருக்கும்போதே நிறம் சேர்த்தது, அதுவும் அசல். நிறம் தோல் போல மேலே மட்டும் இருந்து, தேய்ந்த இடத்தில் வெள்ளை தெரிந்தால், சாயம் பூசிச் சுட்ட கண்ணாடி. பொகிமியாவில் ஃபிரீட்ரிக் எகர்மன் 1832-ல் சிவப்புக்குக் கண்டுபிடித்த முறை அது. மலிவு என்று நினைக்காதீர்கள், பழசில் அதற்கும் மதிப்பு உண்டு. பஞ்சில் நெயில் பாலிஷ் ரிமூவர் தொட்டு, தெரியாத மூலையில் தேய்த்தால் நிறம் பஞ்சுக்கு வந்துவிடுமானால் அது ஸ்பிரே பெயின்ட்.

"நடுவாசலை ஒட்டித் தொங்கும் விளக்கில் வெயில் படும் பக்கத்துக் கற்கள் மட்டும் லேசாக ஊதா நிறமாகிவிட்டன. கெட்டுப்போய்விட்டதா?"
– கானாடுகாத்தான் வாசகர்

கெடவில்லை. கண்ணாடிக்கு மணலில் உள்ள இரும்பால் ஒரு பச்சை வரும். அதைப் போக்க அந்தக் காலத்தில் மாங்கனீஸ் சேர்த்தார்கள். பல வருஷம் வெயில் பட்டால் அந்த மாங்கனீஸ் ஊதா காட்டும். நிழல் பக்கத்துக் கல் வெள்ளையாகவும் வெயில் பக்கத்துக் கல் ஊதாவாகவும் இருப்பது, விளக்கு நெடுங்காலமாக அதே கொக்கியில், அதே முகமாகத் தொங்குகிறது என்பதற்கு வீடே தரும் சான்று. அந்தக் கற்களை இடம் மாற்றிக் கோக்க வேண்டாம். வெளுக்க வைக்கிறேன் என்று யாராவது வந்தால் திருப்பி அனுப்பிவிடுங்கள்.

"நாங்கள் நான்கு பங்காளிகள். பொது வீட்டு விளக்கில் பன்னிரண்டு கை. ஆளுக்கு மூன்று கை எடுத்துக்கொண்டு, கற்களையும் எண்ணிப் பிரித்துக்கொள்ளலாம் என்று பேச்சு நடக்கிறது. மூன்று கையை வைத்துச் சின்ன விளக்காக மாற்றித் தருவீர்களா?"
– பெயர் வேண்டாம் என்று கேட்ட வாசகர்

மாட்டேன். கோபித்துக்கொள்ள வேண்டாம், காரணத்தைச் சொல்கிறேன்.

நடுத்தண்டு ஒன்றுதான். பன்னிரண்டு குழி உள்ள தட்டு ஒன்றுதான். அது யாருக்குப் போகும்? தண்டு இல்லாத மூன்று கைக்குப் புதுச் சட்டம் அடிக்க வேண்டும். அடித்தால் அது பழைய கண்ணாடி ஒட்டிய புது விளக்கு. நான்கு பேரும் நான்கு புது விளக்கை வைத்துக்கொண்டு, ஐயா வாங்கிய விளக்கை இல்லாமல் ஆக்கியிருப்பீர்கள். காசுக் கணக்கில் பார்த்தாலும் நான்கு துண்டின் விலையைக் கூட்டினால் முழு விளக்கின் விலையில் ஒரு பங்குகூடத் தேறாது. இந்த வட்டாரத்தில் கதவைத் தனியாக, தூணைத் தனியாக, நிலையைத் தனியாகப் பெயர்த்து விற்ற வீடுகளின் உள்ளே நின்று வேலை பார்த்திருக்கிறேன். விட்டத்தில் வெறும் கொக்கி தொங்கும். பார்க்கச் சகிக்காது.

வெளி ஆளிடம் மதிப்புப் போடுங்கள். நால்வரில் ஒருவர் விளக்கை எடுத்துக்கொண்டு மற்ற மூவருக்கும் பணமாகக் கொடுக்கட்டும். யாருக்கும் முடியாவிட்டால் முழுசாக விற்றுப் பணத்தைப் பிரியுங்கள். இல்லை, முன்னோருக்குப் படைப்புப் போட எல்லோரும் கூடுகிற வீட்டிலேயே தொங்கட்டும், வருஷத்துக்கு ஒருவர் முறைவைத்துப் பராமரிக்கட்டும். இந்த மூன்றில் எதைச் செய்தாலும் இறக்கி ஏற்றும் வேலையைக் கூலி வாங்காமல் செய்து தருகிறேன்.

"சிங்கப்பூரில் இருக்கும் தம்பி, வீட்டு விளக்கைத் தன் வீட்டுக்குக் கப்பலில் அனுப்பச் சொல்கிறான். அனுப்பலாமா?"
– கண்டனூர் வாசகர்

வயதைத் தீர்மானித்துவிட்டு அப்புறம் பேசுங்கள். 1972-ஆம் ஆண்டுத் தொல்பொருள் மற்றும் கலைச் செல்வங்கள் சட்டப்படி, நூறு வருஷத்துக்குக் குறையாத கைவினைப் பொருளைத் தனியார் வெளிநாட்டுக்கு அனுப்ப முடியாது. சொந்தத் தம்பிக்கு அனுப்பினாலும் அதே சட்டம்தான். நூறு ஆகாத விளக்கு என்றால், தொல்லியல் துறையிடம் காட்டி, தொல்பொருள் அல்ல என்று சான்றிதழ் வாங்கி அனுப்பலாம். 1912 வாக்கில் கட்டிய வீட்டில் அப்போதே மாட்டிய விளக்கு என்றால் அது இங்கேயே இருக்க வேண்டியதுதான். தம்பியை லீவுக்கு வந்து அதன் கீழே உட்காரச் சொல்லுங்கள்.

"மகள் கல்யாணத்துக்கு முன் விளக்கைச் சுத்தம் செய்ய வேண்டும். நாங்களே செய்யலாமா?"
– தேவகோட்டை வாசகி

சின்ன விளக்கென்றால் செய்யலாம் ஆச்சி. எட்டு கைக்கு மேல் என்றால் ஆள் வையுங்கள்.

தொடும் முன்னால் மெயின் சுவிட்சை அணையுங்கள். நான்கு பக்கமிருந்தும் போன்ல படம் எடுத்துக்கொள்ளுங்கள், எந்தக் கல் எங்கே இருந்தது என்று பிறகு சண்டை வராது. மறு பக்கம் துடைக்க வசதியாக இருக்குமே என்று விளக்கைச் சுற்றாதீர்கள். மேலே தாங்கும் கம்பி மரைபோட்டது, சுற்றச் சுற்றக் கழன்றுகொண்டே வரும். விளக்கு இருந்த இடத்தில் இருக்கட்டும், ஏணியை நகர்த்துங்கள்.

கற்களைக் கழற்றி, பழைய வேட்டியை அடியில் விரித்த பிளாஸ்டிக் வாளியில், வெதுவெதுப்பான தண்ணீரில், சில துளி பாத்திரம் கழுவும் திரவம் விட்டு ஒவ்வொன்றாக அலசுங்கள். எல்லாவற்றையும் ஒன்றாகக் கொட்டினால் விளிம்பு தட்டும். கடைசி அலசலுக்கு பேட்டரிக்கு ஊற்றும் காய்ச்சி வடித்த நீர் நல்லது, உப்புப் படியாது. புளி, எலுமிச்சை, அமோனியா கலந்த கண்ணாடி ஸ்பிரே எதையும் பித்தளை முலாமுக்குப் பக்கத்தில் கொண்டுபோக வேண்டாம். தண்ணீரை விளக்கின் மேல் நேராக அடிப்பதும் கூடாது, ஹோல்டருக்குள் இறங்கும். பழைய துணி சுற்றிய மின்கம்பி இருந்தால், கையோடு எலெக்ட்ரீஷியனை அழைத்து மாற்றிவிடுங்கள். பல்பு எல்.இ.டி. ஆகட்டும், பிளாஸ்டர் சூட்டில் பொடிவது குறையும்.

விளக்கை இறக்கியிருந்தால், திரும்ப ஏற்றும் முன் விட்டத்துக் கொக்கியைத் தச்சர் ஒருவர் பார்க்கட்டும். தேக்குக்கு ஒன்றும் ஆகியிருக்காது, இரும்புக் கொக்கி கழுத்தில் துருத் தின்றிருக்கும். வெறும் சட்டத்தை முதலில் ஏற்றி மாட்டுங்கள், கல்லெல்லாம் அதற்குப் பிறகு. கோக்கும்போது மேலேயிருந்து கீழே, உள்வட்டத்தை முடித்துவிட்டு வெளிவட்டத்துக்கு வாருங்கள். முதலில் வெளிவட்டத்தைக் கோத்துவிட்டால் உள்ளே கை நுழையாது.